வாக்குக் கொடுக்காதவர்

எங்கள் ஊர் சேர்மனம்மாவிடம் மனுக் கொடுக்கப் போகிறவர்களுக்கு, வரிசையில் முன்னால் நிற்பவர்களே பதிலைச் சொல்லிவிடுவார்கள். "என்ன கேட்டாலும் ஒரே பதில்தான். வந்து பாக்குறேம்பாக."

நான் முதன்முதலாக மனுவோடு போனபோது எனக்கு இருபத்தொரு வயது. காந்திகிராமத்தில் பட்டப்படிப்பை முடித்துவிட்டு வேலை தேடிக்கொண்டிருந்தேன். திண்டுக்கல்லிலிருந்து டவுன் பஸ்ஸில் முக்கால் மணி நேரத்தில் வந்துவிடக்கூடிய சின்ன நகராட்சி எங்களுடையது. ஊர்க் குளத்தின் கரையில் எழுபது வீடுகள். குளத்தங்கரைத் தெரு என்று பெயர். எழுபது வீட்டுக்கும் ஒரே அடிபம்பு. படித்தவள் என்று என்னை மனு எழுதச் சொன்னார்கள். கற்ற தமிழையெல்லாம் இறக்கி நான்கு பக்கம் எழுதியிருந்தேன். நான்கு பக்கத்தையும் அவர் படித்தார். வாசலில் முப்பது பேர் காத்திருந்தார்கள். அவர் பாட்டுக்கு நிதானமாக, உதடு அசையப் படித்தார். பிறகு நிமிர்ந்து, "கொழா போட்டுத் தாரேன்னு நான் சொல்ல மாட்டேன். வந்து பாக்குறேன்" என்றார்.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம், "அந்தம்மா தட்டிக் கழிக்குது" என்றேன்.

மறுநாள் காலை ஆறு மணிக்கு அடிபம்பு வரிசையில் கடைசி ஆளாக அவர் நின்றுகொண்டிருந்தார். இடுப்பில் ஒரு பச்சை பிளாஸ்டிக் குடம். சேறாக இருந்ததால் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்திருந்தார். பதறிப்போய் யாரோ குடத்தை வாங்கப் போனார்கள். "வேணாம்ப்பா. ஒரு கொடம் புடிக்க எம்புட்டு நேரமாகுதுன்னு பாக்கத்தான் வந்தேன். முன்னாடி வந்துட்டா எப்படித் தெரியும்?" என்றார். ஒன்றே முக்கால் மணி நேரம் ஆனது. நிரம்பிய குடத்தை எங்கள் வீட்டு வாசலில் இறக்கிவைத்துவிட்டு, வெறுங்கையோடு நடந்து போனார்.

குழாய் வரப் பதினொரு மாதம் பிடித்தது. திறப்பு விழாவில் ரிப்பன் வெட்டியது வேறு யாரோ. அவர் அடுத்த நாள் காலையில் தனியாக வந்து, குழாயைத் திருகிப் பார்த்து, மூடிவிட்டுப் போனார்.

சேர்மன் ஆவதற்கு முன்னால் அவர் பள்ளிக்கூடத்தில் சத்துணவு அமைப்பாளராக இருந்தவர். எங்கள் தெருப் பிள்ளைகளுக்கு அவர் சத்துணவு டீச்சர். அந்தப் பழக்கத்தில் நானும் கடைசிவரை டீச்சர் என்றுதான் கூப்பிட்டேன். அவர் சட்டமன்ற உறுப்பினர் ஆன பிறகும் அது மாறவில்லை.

தலைவர் பதவி அந்த முறை பெண்களுக்கு ஒதுக்கப்பட்டிருந்தது. அவருடைய கணவர் உரக்கடை வைத்திருந்தார். கட்சியின் நகரப் பொறுப்பிலும் இருந்தார். தான் நிற்க முடியாததால் மனைவியை நிறுத்தினார். அம்மா பெயர்ப்பலகை, அய்யா நாற்காலி என்று ஊரே பேசிக்கொண்டது. முதல் இரண்டு கூட்டங்கள் அப்படித்தான் நடந்தன. மூன்றாவது கூட்டத்தில், பக்கத்து நாற்காலியில் வந்து உட்கார்ந்த கணவரிடம், "செத்த நேரம் வெளிய இருக்கீங்களா? முடிஞ்சதும் கூப்புடுறேன்" என்றாராம். உறுப்பினர்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தார்கள். கணவர் எழுந்துபோய் வராந்தா பெஞ்சில் உட்கார்ந்துகொண்டார். அதற்குப் பிறகு ஐந்து வருடமும் அவருடைய வேலை மனைவியை மொபெட்டில் கொண்டுவந்து விடுவதும் கூட்டிப் போவதும்தான். யாராவது கிண்டல் செய்தால், "நல்ல வேலைதானய்யா, பெட்ரோல் மட்டும் போட்டாப் போதும்" என்று சிரிப்பார். அந்த மனிதரிடம் கசப்பே கிடையாது.

என் அம்மாவுக்குக் காய்கறிச் சந்தையில் வெங்காயம் தரம் பிரிக்கிற வேலை. விடியற்காலை ஐந்து மணிக்குப் போனால் பதினோரு மணிக்குத் திரும்புவாள். பெயர் பாக்கியம். டீச்சர் எங்கள் தெருப் பக்கம் வந்தால் எங்கள் வீட்டில் ஒரு சொம்பு கம்மங்கூழ் குடிக்காமல் போக மாட்டார். "தொட்டுக்க வெஞ்சனம் ஒண்ணுமில்லைங்கக்கா, வெங்காயந்தான்" என்பாள் அம்மா. "சேர்மனுக்கு வெங்காயத்த உரிச்சுக் குடுக்கிறதுக்குக் கூடவா ஆள் போடணும்?" என்று அவரே உரித்துக்கொள்வார்.

அப்படி ஒருநாள் அம்மா அவரிடம் கேட்டேவிட்டாள். "ஏங்கக்கா, ஒரு வார்த்தை 'செய்யிறேன்'னு சொன்னா சனத்துக்குச் சந்தோசமாத்தான இருக்கும்? என்னத்துக்கு வந்து பாக்குறேன், வந்து பாக்குறேன்னுட்டு?"

டீச்சர் வெங்காயத்தை ஒரு கடி கடித்துக்கொண்டார். கூழைக் குடித்து முடித்தார்.

"சத்துணவுல இருந்தப்ப ஒருநா பிள்ளைககிட்ட, நாளைக்கு முட்டை உண்டுன்னு சொல்லிட்டேன் பாக்கியம். லோடு வரும்னு எங்கிட்ட சொன்னாக, நான் பிள்ளைககிட்ட சொன்னேன். வரலை. வெறுஞ்சோறுதான். ஒண்ணாப்புப் பிள்ளை ஒண்ணு தட்டுல கை வைக்காம உக்காந்துருந்துச்சு. என்ன தாயின்னு பக்கத்துல போயிக் குனிஞ்சா, உள்ளங்கையில ஒரு பேப்பர் பொட்டலம். முட்டைக்குத் தொட்டுக்கிறதுக்குன்னு வீட்டுலருந்து உப்பும் மொளகுத்தூளும் மடிச்சுக் கொண்டாந்துருக்கு." சொம்பைக் கீழே வைத்தார். "அந்தப் பொட்டலத்த வேர்வையில நனைய நனையப் புடிச்சுக்கிட்டு இருந்துச்சு. அதுக்கப்பறம் எனக்கு வாய் வரமாட்டேங்குது."

இந்தக் குணத்தால் அவர் சம்பாதித்த பகையும் உண்டு. ஒருமுறை பூப்பறிக்கப் போன ஆட்களோடு ஒரு மினி லாரி கவிழ்ந்துவிட்டது. எல்லோரையும் திண்டுக்கல் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். எங்கள் தெருவிலிருந்து முருகன் என்பவரின் தம்பிக்குத் தலையில் அடி. நானும் போயிருந்தேன். முருகன் டீச்சரின் காலருகே தரையில் உட்கார்ந்துகொண்டு, "பொழச்சுக்குவான்னு ஒரு வார்த்தை சொல்லுங்கம்மா" என்று கெஞ்சினார். "தெரியலப்பா. டாக்டருக்கே இன்னும் தெரியலை. நான் இங்கயே இருக்கேன்" என்றார் டீச்சர். சொன்னபடியே காலையிலிருந்து பொழுது சாய்கிறவரை அந்த வராந்தாவில் இருந்தார். டீ வாங்கிக் கொடுத்தார். ரத்தம் கொடுக்க ஆள் பிடித்தார். தம்பி பிழைத்துக்கொண்டான். ஆனால் முருகன் அவரை மன்னிக்கவே இல்லை. "ஒரு பேச்சுக்குக் கூடச் சொல்ல மாட்டேனுட்டாளே, கல்லு நெஞ்சுக்காரி" என்று பல நாள் திட்டிக்கொண்டு திரிந்தார். முருகன் சொன்னதிலும் நியாயம் இருப்பதாகவே எனக்குப் பட்டது.

ஐந்து வருடம் முடிந்தது. சட்டமன்றத் தேர்தல் வந்தது. அவர் கேட்காமலேயே கட்சி அவருக்கு இடம் கொடுத்தது. ஊரில் யாருக்கும் அதில் ஆச்சரியம் இல்லை.

அதே சமயத்தில்தான் எங்கள் தெருவுக்கு அளவு எடுக்க வந்தார்கள். குளம், கண்மாய்க் கரைகளில் இருக்கும் வீடுகளையெல்லாம் அகற்ற வேண்டும் என்று நீதிமன்ற உத்தரவு. எழுபது வீட்டுச் சுவர்களிலும் சிவப்புப் பெயின்ட்டில் எண் போட்டுவிட்டுப் போனார்கள். எங்கள் வீடு முப்பத்தொன்று. என் அப்பா சாவதற்கு முந்திய வருடம், ஒவ்வொரு செங்கல்லாகச் சேர்த்துக் கட்டிய சுவர் அது. அம்மா ஈரத்துணியை வைத்து அந்த எண்ணைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தாள். போகவில்லை.

பிரசார வேன் எங்கள் தெருவுக்கு வந்த அன்று ஒருவரும் சந்தைக்குப் போகவில்லை. வேனில் டீச்சர், அவருடைய கணவர், மைக் பிடித்த மாவட்டப் பெரியவர் ஒருவர். டீச்சர் வழக்கம்போல இறங்கி நடந்து வந்தார். அம்மா கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் போனாள்.

"அக்கா, எங்க வீடுகள இடிக்க விட மாட்டேன்னு சொல்லுங்க."

"வந்து பாக்குறேன் பாக்கியம்."

"நீங்க பாத்துட்டீக. அஞ்சு வருசமாப் பாக்குறீக. எங்க வீட்டு அடுப்பு எந்த மூலையில இருக்குன்னு ஒங்களுக்குத் தெரியும். இன்னைக்குப் பாக்க வேணாம். சொல்லுங்க. நீங்க சொல்லி எதுவும் நடக்காமப் போனதில்லை."

அது உண்மைதான். அவர் எதையும் சொன்னதே இல்லை.

வேனின் இன்ஜின் சத்தம் மட்டும் கேட்டது. மாவட்டப் பெரியவர் குனிந்து மைக்கை அவர் வாய்க்கு அருகே நீட்டினார். டீச்சர் அதைத் தள்ளிவிட்டு என் அம்மாவின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார்.

"நான் இருக்குற வரைக்கும் இந்தத் தெருவுல ஒரு செங்கல்லையும் எடுக்க விட மாட்டேன்" என்றார்.

மைக் இல்லாமலேயே அது எல்லோருக்கும் கேட்டது. பெண்கள் குலவை போட்டார்கள். அம்மா அழுதாள். கல்லு நெஞ்சுக்காரி என்று திட்டிய முருகன்கூடத் துண்டைச் சுழற்றிக்கொண்டு ஆடினார். நான் டீச்சரின் முகத்தைப் பார்த்தேன். அடுப்பில் வைத்ததை மறந்துவிட்டு வீட்டைப் பூட்டிக்கொண்டு வெகுதூரம் வந்துவிட்டவரின் முகம் போல இருந்தது. வேனில் ஏறும்போது படி தவறினார். கணவர்தான் பிடித்துக்கொண்டார்.

ஜெயித்தார். எங்கள் வாக்குச்சாவடியில் மற்றவர்களுக்கு விழுந்த ஓட்டுகளை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

அதன் பிறகு அவர் சும்மா இருந்தார் என்று யாராவது சொன்னால் அது பொய். எனக்குத் தெரியும். அப்போது நான் தாலுகா அலுவலகத்துக்கு எதிரே ஜெராக்ஸ் கடை போட்டிருந்தேன். மனு தட்டச்சு செய்வதெல்லாம் நான்தான். சென்னையில் அவர் ஏறி இறங்காத அறை இல்லை. சட்டசபையில் பேச இரண்டு நிமிடம் கிடைத்தது. குளமும் வேண்டும், அந்தச் சனமும் வேண்டும், இரண்டுக்கும் வழி செய்யுங்கள் என்று பேசினார். நீதிமன்ற உத்தரவு, மாற்று வீடு தரப்படும் என்று பதில் வந்தது. இதற்கு மேல் இதைப் பேச வேண்டாம் என்று கட்சியும் சொல்லிவிட்டது.

கடைசியாகத் திண்டுக்கல்லில் கலெக்டர் ஆபீசுக்குப் போனோம். என்னையும் கூட்டிப் போயிருந்தார். எதிரே உட்கார்ந்திருந்த அதிகாரி இளைஞர், மரியாதையானவர். "ஒரு நாள் தள்ளிப்போட்டாலும் நாங்கதான் கோர்ட்டுல பதில் சொல்லணும் மேடம். மாற்று வீடு தயாரா இருக்கு" என்றார்.

"அங்கருந்து அவுக விடியக்காலைல சந்தைக்கு எப்படிப் போவாக தம்பி?"

"அதைப் பார்க்கணும் மேடம்."

டீச்சர் என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

வெளியே வந்ததும், நீ ஒன்றும் சாப்பிடவில்லையே என்று ஒரு பிரியாணிக் கடைக்குக் கூட்டிப்போனார். எனக்கு மட்டும் சொன்னார். அவர் முன்னால் ஒரு டம்ளர் தண்ணீர்.

"அன்னைக்கு நான் அதச் சொல்லிருக்கக் கூடாது செல்வி."

எத்தனையோ நாளாக மனதில் வைத்திருந்த கேள்வியைக் கேட்டேன். "ஓட்டுக்காகச் சொன்னீங்களா டீச்சர்?"

அவருக்குக் கோபம் வரவில்லை. பக்கத்து மேசையில் ஒரு குடும்பம் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டே யோசித்தார்.

"ஒங்கம்மா கையப் புடிச்சதும் எனக்கு வேற வார்த்தை வரலை. அது நெசம். வேன் மேல நின்னு எல்லாரும் பாத்துக்கிட்டு இருந்தாக, ஜெயிக்கணும்னு இருந்துச்சு. அதுவும் நெசம். எது எம்புட்டுன்னு எனக்கே பிரிக்கத் தெரியலை."

"பதவிய விட்டுட்டா?"

"விட்டா இடிக்கிற மெஷினு நிக்குமா? நிக்கும்னு நீ சொல்லு, இப்பவே எழுதிக் குடுக்கிறேன்."

நான் பிரியாணியைப் பாதியில் விட்டுவிட்டுக் கை கழுவ எழுந்துபோனேன்.

புல்டோசர் வந்தது ஒரு செவ்வாய்க்கிழமை காலை. இரண்டு வண்டிகள், பின்னால் போலீஸ் வேன். அங்கே போகக் கூடாது என்று கட்சியிலிருந்து அவருக்குச் சொல்லியிருந்தார்கள். அவர் கணவரின் மொபெட்டில் பின்னால் உட்கார்ந்து வந்து இறங்கினார். தெருவே அவரைப் பார்த்தது. எந்திரத்துக்கு முன்னால் போய்ப் படுத்துவிடுவார் என்றுதான் எல்லோரும் நினைத்தோம். நானும் அதைத்தான் எதிர்பார்த்தேன்; எதிர்பார்த்ததற்காக இப்போது வெட்கமாக இருக்கிறது.

அவர் அதிகாரியிடம் போய்ப் பேசினார். பிள்ளைகளுக்குப் பரீட்சை முடிகிறவரை அவகாசம் கேட்டார். கிடைக்கவில்லை. சாமான்களை எடுத்துக்கொள்ள மதியம்வரை நேரம் கிடைத்தது. வாங்கித் தர முடிந்தது அவ்வளவுதான். உடனே முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு முதல் வீட்டுக்குள் நுழைந்து பாத்திரங்களைத் தூக்க ஆரம்பித்தார். ஒவ்வொரு வீடாக வந்தார். யாரும் அவரோடு பேசவில்லை, தடுக்கவும் இல்லை. எங்கள் வீட்டுக்கு வந்து, உள்ளே போய், பித்தளைக் குடத்தை எடுத்துக்கொண்டு வாசலுக்கு வந்தபோது அம்மா வழியை மறித்தாள்.

"வையி கீழ."

அதுவரை அம்மா அவரை நீங்க என்றுதான் சொல்லியிருக்கிறாள்.

"எங்க சாமானத் தொடாத. நீ இருக்குற வரைக்கும் ஒரு செங்கல்ல எடுக்க விட மாட்டேன்னியே? எடுக்க வந்துட்டாக. அப்ப நீ இல்லைன்னுதான அர்த்தம்?"

டீச்சர் குடத்தைக் கீழே வைத்தார். உருண்டுவிடாமல் ஒரு கல்லை எடுத்து அண்டை கொடுத்தார்.

"ஆமா பாக்கியம்" என்றார்.

கடைசிச் சுவர் விழுகிறவரை குளத்து மதகோரம் வெயிலில் நின்றார். கணவர் குடை கொண்டுவந்து பிடித்தபோது வேண்டாம் என்று கையால் விலக்கினார்.

எங்களுக்குக் கிடைத்த வீடு ஊரிலிருந்து பதினைந்து கிலோமீட்டர், திண்டுக்கல் பக்கம். அடுக்குமாடிக் கட்டடம், எங்களுக்கு மூன்றாவது மாடி. மொட்டைமாடியில் நின்றால் திண்டுக்கல் மலைக்கோட்டை தெரியும். நல்ல வீடுதான், சுவரில் விரிசல் இல்லை. ஆனால் முதல் பஸ் எட்டு மணிக்கு. ஐந்து மணிச் சந்தைக்கு அம்மாவால் போக முடியவில்லை. அந்த வேலை போயிற்று. முப்பது வருடம் வெங்காயத்தோடு இருந்தவள், சன்னலோரம் சும்மா உட்கார்ந்து கையை மோந்து பார்த்துக்கொள்வாள். "வாடையே போயிருச்சு செல்வி" என்பாள்.

டீச்சர் வாரா வாரம் வந்தார். மூன்று மாடி ஏறி எங்கள் கதவைத் தட்டுவார். அம்மா உள்ளிருந்தபடியே திறக்காதே என்று எனக்குச் சைகை காட்டுவாள். கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, படிக்கட்டில் உட்கார்ந்து மற்றப் பெண்களிடம் பேசுவார். என்ன வேண்டும் என்று கேட்பார். யாருக்கும் எதுவும் செய்வதாகச் சொல்ல மாட்டார். ஒருநாள் விடியற்காலையில் வந்து, சந்தைக்குப் போக வேண்டிய பெண்களோடு சேர்ந்து மெயின் ரோடுவரை நடந்தார். லாரிகள் உரசிக்கொண்டு போகும் ரோட்டில் நாற்பது நிமிட நடை. அதற்கப்புறம் ஏழு மாதம் கழித்து எங்கள் கட்டடத்து வாசலுக்கே நாலரை மணி பஸ் ஒன்று வந்தது. அம்மா அதில் ஏறி, சன்னலோர இருக்கையில் உட்கார்ந்து மீண்டும் சந்தைக்குப் போனாள். அந்த பஸ் யாரால் வந்தது என்று அவளும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை.

அடுத்த தேர்தலில் கட்சி அவருக்கு இடம் தரவில்லை. அவரும் கேட்கவில்லை. உரக்கடைக்குப் பின்னால் இருந்த பழைய வீட்டுக்கே திரும்பினார். வாசலில் மனுக்காரர்கள் வருவது நின்றுபோயிற்று. சர்க்கரை வியாதி காலைப் பிடித்துக்கொண்டது. ஆனாலும் மாதத்துக்கு ஒரு தடவை டவுன் பஸ் ஏறி எங்கள் கட்டடத்துக்கு வந்துவிடுவார். மாடி ஏற முடியாமல் கீழேயே வேப்பமரத்தடியில் உட்கார்ந்திருந்துவிட்டுப் போவார்.

இனிச் சொல்லப் போவதுதான் நான் வெகுநாள் யாரிடமும் சொல்லாமல் வைத்திருந்தது.

அம்மா படுக்கையில் விழுந்த வருடம். நுரையீரலில் சளி கட்டி, பேசுவதற்கே மூச்சு வாங்கும். ஒருநாள் மதியம் கஞ்சி கொடுத்துக்கொண்டிருந்தேன். "அந்தக்கா கீழ வந்துட்டுப் போகுதாமே?" என்றாள்.

"ஆமா."

"அவுகளும்தான் என்ன செய்வாக, பாவம். நானும் அன்னைக்கு வாயில வந்ததப் பேசிப்புட்டேன். அடுத்த தடவை வந்தா மெதுவாக் கையப் புடிச்சு மேல கூட்டியா செல்வி. ரெண்டு வாய் கூழு குடிச்சிட்டுப் போகட்டும்."

"சரிம்மா" என்றேன்.

நான் கூட்டிவரவில்லை. அடுத்த மாதம் அவர் வந்தபோது கடையில் வேலை இருப்பதாக எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அதற்கடுத்த மாதம் தாலுகா அலுவலக வாசலில் நேருக்கு நேராகவே பார்த்தேன். "அம்மா எப்படி இருக்கா?" என்றார். "இருக்காங்க" என்றேன். அம்மாவின் கோபம் தீர்ந்துவிட்டது, எனக்குத் தீரவில்லை. அந்தப் பிரியாணிக் கடையில் அவர் அவ்வளவு நேர்மையாகப் பேசியதுதான் என்னை உறுத்திக்கொண்டே இருந்ததோ என்னவோ. சும்மா பொய் சொல்லியிருந்தால் வெறுத்துவிட்டுப் போயிருப்பேன். கொஞ்ச நாள் போகட்டும், அவரும் கொஞ்சம் அனுபவிக்கட்டும் என்று இருந்துவிட்டேன். அம்மா இரண்டு முறை கேட்டாள். "வரலைம்மா" என்றேன்.

அம்மா போய்விட்டாள்.

அன்று காலையில் ஆட்களுக்குச் சொல்லிவிடக் கீழே இறங்கி வந்தேன். அதற்குள் யாரோ சொல்லித் தெரிந்து, டீச்சர் ஆட்டோவிலிருந்து இறங்கிக்கொண்டிருந்தார். கையில் பெரிய சம்பங்கி மாலை. கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு என்னை நிமிர்ந்து பார்த்தார். "செல்வி, மேல வரட்டுமா? மெதுவா ஏறிருவேன்."

"வேணாம் டீச்சர். நீங்க வரக் கூடாதுன்னு அம்மா சொல்லிருக்கு."

எப்படி அது என் வாயிலிருந்து வந்தது என்று எனக்குத் தெரியாது. வந்துவிட்டது. திரும்ப எடுத்துக்கொள்ள நேரம் இருந்தது. அவர் என் முகத்தைப் பார்த்துக்கொண்டே நின்றார். நான் எடுத்துக்கொள்ளவில்லை.

"சரிப்பா" என்றார்.

போகவில்லை. வேப்பமரத்தடியில் உட்கார்ந்திருந்தார். பிற்பகல் மூன்று மணிக்கு அம்மாவைக் கீழே கொண்டுவந்தபோது, அவள் கண்ணில் படக் கூடாது என்பதுபோல எழுந்து ஒரு வண்டிக்குப் பின்னால் மறைந்து நின்றுகொண்டார். இறந்தவளுக்கு எங்கே கண் தெரியப் போகிறது? மாலையை வாங்கிப் போடுகிறேன் என்று யாரோ கை நீட்டினார்கள். தலையை ஆட்டி மறுத்துவிட்டார். அந்த மாலையோடுதான் ஆட்டோவில் ஏறிப் போனார்.

போய்ச் சொல்லிவிட வேண்டும் என்று தினமும் நினைத்தேன். முப்பதாம் நாள் காரியம் முடியட்டும், பொங்கல் கழியட்டும் என்று தள்ளினேன். எட்டு மாதம் கழித்து ஒருநாள், ஆதார் கார்டு நகல் எடுக்க வந்த ஒருவர் சொன்னார்: "பழைய எம்.எல்.ஏ. அம்மா தவறிட்டாக. தெரியுமா?"

ஊரெல்லாம் சுவரொட்டி ஒட்டினார்கள். கட்சிக் கொடி போர்த்தினார்கள். பெரிய பெரிய கார்கள் வந்தன. நான் தெருமுனைவரை போய்விட்டுத் திரும்பிவிட்டேன்.

பதினாறு கழிந்த பிறகு உரக்கடைக்குப் போனேன். அவருடைய கணவர் தனியாக உட்கார்ந்திருந்தார். "வாம்மா செல்வி" என்று ஸ்டூலை இழுத்துப் போட்டார். நான் உட்காரவில்லை. நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். அம்மா கூட்டிவரச் சொன்னது, நான் கூட்டிவராதது, அன்று கீழே வைத்துச் சொன்ன பொய், எல்லாம்.

அவர் கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார். விதை வாங்க வந்த ஒருவரை, அப்புறம் வரும்படி கையைக் காட்டி அனுப்பினார்.

"அன்னைக்கு அந்த மாலைய வீட்டுக்குள்ள கொண்டாரலம்மா. வாசல்ல துணி காயப் போடுற கொடியிலயே போட்டுட்டு உள்ள போயிட்டா. நாலஞ்சு நாளாக் கெடந்து காஞ்சு உதிருது. எடுத்துப் போட்டுறவான்னேன். கெடக்கட்டும், நான் போட வேண்டியது, போட முடியலைன்னு சொன்னா. அதுக்கப்பறம் அந்தப் பேச்சே எடுக்கலை."

நான் அழுதுகொண்டிருந்தேன். அவர் அழவில்லை. கல்லாப்பெட்டியின் மூடியை விரலால் தடவிக்கொண்டிருந்தார்.

"கூழு குடிக்க வரச் சொன்னாளா ஒங்கம்மா?"

"ஆமாங்கய்யா."

"அவ வாயாலயே சொன்னாளா?"

"அம்மாவேதான் சொன்னாங்க. மூணு தடவை."

அவர் திரும்பி, கடைக்குப் பின்பக்கம் வீட்டுக்குள் போகிற வாசலைப் பார்த்தார். கூப்பிடப் போகிறவர் போல வாயைத் திறந்தார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"இப்ப இத நான் யாருகிட்டம்மா போய்ச் சொல்ல?" என்றார்.